ஏலமலையில் வளரும் புத்தி

கேரளத்தின் சாந்தன்பாறைக்கும் பூப்பாறைக்கும் இடைப்பட்ட ஏலத்தோட்டங்களுக்குத் தமிழகத்திலிருந்து போடிமெட்டு ஏறி வரும் ஜீப்புகள், விடிந்தும் விடியாத வேளையில் பெண்களை இறக்கிவிட்டுச் செல்லும்போது, அவர்கள் பெற்ற பிள்ளைகள் மலையடிவாரத்துக் கிராமங்களில் பாட்டிமாருடைய பொறுப்பிலும், தோட்டத்து லயங்களில் குடியிருப்போரின் பிள்ளைகள் அங்கன்வாடியிலோ மூத்த குழந்தையின் இடுப்பிலோ அன்றைய பொழுதைத் தொடங்குகிறார்கள். மனிதனுடைய சிந்தனை எங்கே முளைவிட்டு எவ்வாறு முதிர்கிறது என்ற கேள்வியைப் பண்டிதர்களின் விசாரத்துக்கு மட்டும் உரியதாக ஒதுக்காமல், இந்தப் பிள்ளைகளின் பகற்பொழுதை முன்வைத்தே ஆராய வேண்டும் என்பது என் அபிப்பிராயம். வயது ஏறினால் புத்தியும் தானே ஏறிவிடும் என்ற நம்பிக்கை நம்மிடையே ஆழமாக வேரூன்றியிருப்பதால்தான், ஆரம்ப ஆண்டுகளைச் சோறூட்டித் தூங்கவைத்துக் கழிக்கும் காலமாகவே இன்னும் கருதி வருகிறோம்.

ஸ்விட்சர்லாந்து தேசத்து அறிஞர் ழான் பியாஜே, தம் சொந்தக் குழந்தைகள் மூவரையும் தொட்டிற்பருவம் முதற்கொண்டு கூர்ந்து கவனித்து எழுதியவர். பிற குழந்தைகளிடம் அவர் நடத்திய ஒரு சிறிய பரீட்சை உலகப் பிரசித்தம். அகன்ற பாத்திரத்திலிருந்த நீரைக் குறுகலான உயர்ந்த பாத்திரத்தில் தன் கண்முன்னேயே ஊற்றிக் காட்டினாலும், ஐந்து வயதுக் குழந்தை நீர் அதிகமாகிவிட்டது என்று சாதிக்கும். ஏழெட்டு வயதில் அதே குழந்தை, நீர் கூடவும் இல்லை குறையவும் இல்லை என்று சற்றும் தயங்காமல் சொல்லும். இடைப்பட்ட ஆண்டுகளில் கண்ட தோற்றத்தைக் காரணத்தால் திருத்திக்கொள்ளும் சக்தி பிறந்துவிடுகிறது. பன்னிரண்டை ஒட்டிய பிராயத்திலோ, கண்ணுக்கு எட்டாத நியாயம், நிகழ்தகவு, கடவுள் முதலியவற்றைப் பற்றியும் வாதிடும் வன்மை வருகிறது. பியாஜே வகுத்த வயது எல்லைகளைப் பிற்கால ஆய்வாளர்கள் பெரிதும் தளர்த்தியிருக்கிறார்கள். அவர் பிறந்த அதே 1896இல் பிறந்து, 37 வயதிலேயே மறைந்த ரஷ்ய அறிஞர் வைகோட்ஸ்கி கண்ட உண்மை எனக்கு இன்னும் முக்கியமாகப் படுகிறது. குழந்தை இன்று பெரியவரின் துணையோடு செய்வதை நாளை தனியாகச் செய்யும் என்றும், பிறரோடு பேசிய பேச்சே நாளடைவில் உள்ளத்துக்குள் இறங்கிச் சிந்தனையாக மாறுகிறது என்றும் அவர் காட்டினார்.

இது மெய்யானால், குழந்தையிடம் யார் பேசுகிறார்கள், எந்தப் பாஷையில் பேசுகிறார்கள் என்பது அற்ப விஷயமாகாது. 1956இல் மொழிவாரியாக மாநிலங்கள் பிரிக்கப்பட்டபோது கேரளத்தோடு இணைந்த இம்மலைகளில், லயத்தில் தமிழ் பேசும் குழந்தைகளோடு இப்போது மத்தியப் பிரதேசத்திலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் வேலைக்கு வந்தோரின் குழந்தைகளும் சேர்ந்திருக்கிறார்கள். மலையாளம் இவர்களுக்கு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. இரண்டு பாஷைகளில் வளரும் குழந்தைக்கு அதனால் லாபமே உண்டு. ஆனால் ‘ஏன்’ என்று ஓயாமல் கேட்கும் மூன்று நான்கு வயதில், அந்தக் கேள்வியைப் புரிந்துகொண்டு மறுமொழி சொல்ல ஒருவரும் அருகில் இல்லாவிட்டால், குழந்தை கேட்பதையே நிறுத்திக்கொள்கிறது. தாய்மொழியில் ஆரம்பக் கல்வி பெறும் வசதியை மொழிச் சிறுபான்மையினரின் குழந்தைகளுக்குச் செய்து தரும்படி, அந்த 1956இலேயே அரசியல் சாசனத்தில் சேர்க்கப்பட்ட 350ஏ பிரிவு பணிக்கிறது. ஐம்பது பெண்களுக்குக் குறையாமல் வேலை செய்யும் தோட்டத்தில் குழந்தைகளுக்கென்று தனி இடம் வேண்டும் என்று 1951ஆம் வருஷத்துத் தோட்டத் தொழிலாளர் சட்டம் விதித்தது. சிறு ஏலத்தோட்டங்களில் அத்தனை பெண்கள் இருப்பதில்லை. இருக்கும் தோட்டங்களிலும் ஜீப்பில் வந்து மாலையே மலையிறங்கும் தாய்க்கு அதனால் என்ன பிரயோஜனம்?

இங்கிருந்து வடகிழக்கே, போடிப் பள்ளத்தாக்கைக் கடந்தால் எதிர்ப்படும் பழனிமலைத் தொடரில், குழந்தைக் கல்வியின் சரித்திரத்திலேயே ஒரு மகத்தான அத்தியாயம் எழுதப்பட்டது. 1939 நவம்பரில் தம் 69ஆம் வயதில் சென்னை அடையாற்றுக்கு வந்த இத்தாலிய அம்மையார் மரியா மாண்டிசோரி, மகாயுத்தத்தால் ஐரோப்பா திரும்ப இயலாமற்போகவே, கொடைக்கானலில் தங்கிப் பல வயதுக் குழந்தைகளை ஒன்றாக வைத்துப் பாடம் நடத்தினார். ஆறு முதல் பன்னிரண்டு வயது வரையிலான பிள்ளைகளுக்கு அவர் விரித்த கல்வித் திட்டம் அங்கேதான் உருப்பெற்றது. பிறப்பு முதல் இருபத்து நான்கு வரையிலான வாழ்வை ஆறாறு ஆண்டுகளாக நான்கு பருவங்களாக வகுத்த அவர், முதற்பருவத்துக் குழந்தை தன்னைச் சுற்றியுள்ள பேச்சையும் பழக்கத்தையும் தன் பிரயத்தனம் இல்லாமலே உட்கொள்கிறது என்றார். இக்கருத்தை விளக்கும் அவருடைய புத்தகம் 1949இல் அடையாற்றிலேயே வெளிவந்தது. எழுபதைத் தாண்டிய ஒருவர் அந்நிய தேசத்தில் தம் சித்தாந்தத்தையே விரித்து வளர்க்க முடிந்தது என்பதை நான் மீண்டும் மீண்டும் நினைத்துப் பார்ப்பதுண்டு.

ஏனெனில், யௌவனத்தோடு புத்தியின் வளர்ச்சி நின்றுவிடுகிறது என்பதும் ஒரு பிரமையே. உளவியலாளர் ரேமண்ட் கேட்டல், முன்பின் அறியாத புதிருக்கு விரைந்து விடை காணும் திறன் ஒன்று, அனுபவத்தால் திரண்ட அறிவு மற்றொன்று எனப் பிரித்தார். முன்னது இளமையில் உச்சத்தைத் தொட்டுத் தணிய, பின்னது முதுமை வரையிலும் பெருகக்கூடியது. ஏலச்செடியின் அடியிலிருந்து படரும் ஒரே சரத்தில் பூவும் பிஞ்சும் முற்றிய காயும் ஒருங்கே இருக்க, தோல் பச்சையாகவே இருந்தாலும் உள்விதை கறுத்த காயை மட்டும் பார்வையாலும் விரல் ஸ்பரிசத்தாலும் தேர்ந்து எடுக்கும் ஐம்பது வயதுப் பெண்ணிடம் இருப்பது அந்த இரண்டாம் வகை அறிவுதான். அவளைப் படிக்காதவள் என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுவது பெரும் அநியாயம்.

ஆயினும் வேலையில் விளைந்த அறிவு பள்ளிக்கூடத்துக்குத் தானாக வந்து சேர்வதில்லை என்பதையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். பொருளாதார அறிஞர்களான அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுஃப்லோ முதலியோர் 2025இல் ‘நேச்சர்’ சஞ்சிகையில் வெளியிட்ட ஆய்வில், கொல்கத்தா, தில்லிச் சந்தைகளில் வியாபாரம் செய்யும் சிறுவர்கள் சிக்கலான கணக்குகளை மனத்திலேயே போட்டு மீதிச் சில்லறை கொடுத்தார்கள். அதே அளவு கடினமான கணக்கைப் பள்ளிப் பாணியில் தாளில் எழுதித் தந்தபோது தடுமாறினார்கள். பள்ளிப் பிள்ளைகளோ சந்தைக் கணக்கில் தடுமாறினார்கள். இவ்விரண்டுக்கும் இடையே பாலம் அமைப்பது கற்பிப்பவரின் கடமை. அதற்கு அவர் பிள்ளையின் வீட்டுப் பேச்சையும் அதன் தாயின் தொழிலையும் அறிந்திருக்க வேண்டும்.

இதற்கு முன்மாதிரியும் கேரளத்திலேயே உண்டு. 2017இல் எர்ணாகுளம் மாவட்டத்தில் தொடங்கிய ரோஷ்ணி திட்டம், வெளிமாநிலத் தொழிலாளரின் பிள்ளைகளுக்கு அவர்களுடைய மொழி தெரிந்த கல்வித் தன்னார்வலரைப் பள்ளியில் அமர்த்தியது. முதுமையிலும் கற்கலாம் என்பதற்கும் அங்கே சான்று உண்டு. ஆலப்புழை மாவட்டத்துக் கார்த்தியாயினி அம்மாள், 2018இல் தம் 96ஆம் வயதில் எழுத்தறிவுத் தேர்வு எழுதி நூற்றுக்கு 98 மதிப்பெண் பெற்றார். சாந்தன்பாறை வட்டாரத்தின் ஒவ்வோர் அங்கன்வாடியிலும் குழந்தைகளின் வீட்டுமொழி அறிந்த ஒருவரையாவது நியமிப்பதும், பள்ளிப் படிப்புக்கு நிகராக மாநில எழுத்தறிவு இயக்கம் பெரியவர்களுக்கு நடத்தும் சமநிலை வகுப்புகளை, காய் எடுப்பு ஓய்ந்திருக்கும் கோடை மாதங்களில், மாலை நேரத்தில், லயங்களுக்கு அருகிலேயே தமிழில் நடத்துவதும் அரசாங்கத்துக்கு அசாத்தியமான காரியங்கள் அல்ல. போடிப் பக்கத்துக் கிராமங்களில் பேரக்குழந்தைகளை வைத்துக்கொண்டு பகல் முழுவதும் தனித்திருக்கும் பாட்டிமாருக்குத் தமிழக அரசின் அங்கன்வாடிகள் துணை நிற்க வேண்டும். தாய் ஒரு மாநிலத்திலும் பிள்ளை ஒரு மாநிலத்திலுமாகப் பகலைக் கழிக்கும் இந்தக் குடும்பங்களைப் பற்றி இரண்டு அரசாங்கங்களும் கலந்து பேசி முடிவு செய்வதை, அடுத்த காய் எடுப்பு தொடங்குவதற்கு முன்பாகவே ஆரம்பிக்கலாம்.