காலம் முடிந்த விலங்கா?

ஆஸ்திரேலியாவின் அருகிவரும் விலங்குகளைப் பற்றிப் பேச்செடுத்தால் ஒரு வாதம் தவறாமல் வந்து நிற்கிறது. எல்லாவற்றையும் காப்பாற்ற முடியாது, பிழைக்கக்கூடியவற்றுக்குப் பணத்தைச் செலவிட்டு மற்றவற்றைக் கைவிடுவதே அறிவுடைமை என்பது அந்த வாதம். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. எதைக் கைவிடுவது என்ற கேள்வி வரும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது.

அப்படிக் கைவிடுவதற்குத் தோதாகத் தெரியும் உயிர்களில் ஒன்று மலைக் குள்ளப் போசம். வயிற்றுப்பையில் குட்டியைச் சுமக்கும் இந்த விலங்கு முழுதாக வளர்ந்தாலும் 45 கிராம்தான் இருக்கும். உள்ளங்கைக்குள் அடங்கிவிடும் உடல், அதைவிட நீண்ட வால். உலகில் மிஞ்சியிருப்பவை சுமார் 2,000. அவையும் நியூ சவுத் வேல்ஸின் காசியஸ்கோ, விக்டோரியாவின் போகாங் உயர்சமவெளி - ஹோத்தம் மலைப் பகுதி, புல்லர் மலை என மூன்று துண்டுகளாகச் சிதறிக் கிடக்கின்றன. இருப்பிடம் மலையுச்சிப் பாறைக்குவியல்களின் இடுக்குகள். குளிர்காலத்தில் ஏழு மாதம் வரை பனிக்கடியில் உறங்கும்.

அறிவியலுக்கு இது அறிமுகமானதே எலும்பாகத்தான். 1895இல் நியூ சவுத் வேல்ஸின் வாம்பியன் குகைகளில் கிடைத்த புதைபடிவத்தை வைத்து ராபர்ட் புரூம் இதற்குப் பெயர் சூட்டினார். பின்னாளில் தென்னாப்பிரிக்காவில் ஆதிமனிதப் புதைபடிவங்களால் புகழ்பெற்ற அதே புரூம்தான். எப்போதோ அழிந்துபோன விலங்கு என்றே எல்லோரும் நம்பியிருந்தார்கள். 1966 ஆகஸ்டில் ஹோத்தம் மலையின் பனிச்சறுக்கு விடுதி ஒன்றில் அது உயிரோடு அகப்பட்டது.

இந்த வரலாறே எதிர்வாதத்துக்கு முதல் ஆயுதம் ஆகிவிட்டது. இது பனியுகத்தின் மிச்சம், உலகம் சூடாகிறது, பனி குறைகிறது, ஆகவே இதன் கதை முடிந்தது என்கிறார்கள். பாதி உண்மை. பனிப்போர்வை மெலிந்தால் அதனடியில் உறங்கும் உடலைக் குளிர் நேராகத் தாக்குகிறது. விலங்கு முன்னதாகவே விழித்து, உணவு வந்துசேராத மலையில் சேமித்த கொழுப்பைச் செலவழிக்கிறது. ஆனால் ‘பனிக்கென்றே பிறந்த விலங்கு’ என்ற மறுபாதி தவறு. இதன் நெருங்கிய உறவினங்களின் புதைபடிவங்கள் குயின்ஸ்லாந்தின் ரிவர்ஸ்லீயில், 2 கோடி ஆண்டுக்கு முந்தைய தாழ்நில மழைக்காட்டுப் படிவுகளில் கிடைத்திருக்கின்றன. பனியே இல்லாத காடுகளில் கோடிக்கணக்கான ஆண்டுகள் வாழ்ந்த குலம் இது. மலையுச்சிக்கு ஒதுங்கியது பிற்பாடு. மைக்கேல் ஆர்ச்சர் போன்ற தொல்லுயிரியலாளர்கள் இதை வெறும் ஆராய்ச்சிக் குறிப்பாக விட்டுவிடவில்லை. சிட்னிக்கு மேற்கே லித்கோவில், மலையுச்சியைவிடத் தாழ்வான, மிதமான இடத்தில் இவற்றை வளர்த்துப் பார்க்கும் முயற்சி இப்போது நடக்கிறது. அது வெல்லுமா என்பது வேறு கேள்வி. பார்க்கும் முன்பே முடிவு எழுதிவிடுவது சிக்கனக் கணக்கு ஆகாது.

இரண்டாவது வாதம் கொஞ்சம் கனமானது. எண்ணிக்கை இவ்வளவு குறைந்த பிறகு உறவுக்குள்ளேயே இனப்பெருக்கம் நடக்கும், மரபணு நலிந்துவிடும், எவ்வளவு முயன்றாலும் மீளாது என்பார்கள். இதற்குப் பதில் புல்லர் மலையில் இருக்கிறது, அதை விரிவாகச் சொல்வது தகும்.

புல்லரில் இந்த விலங்கு இருப்பது 1996இல்தான் தெரியவந்தது. அப்போது ஏறக்குறைய 300 இருந்தன. பனிச்சறுக்கு வசதிகளுக்காக வாழிடம் அழிந்தது, நரியும் பூனையும் வேட்டையாடின. பத்தே ஆண்டுகளில் எண்ணிக்கை ஏறத்தாழ முப்பதுக்குச் சரிந்தது. மரபணு வகைமையில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது. ‘மீளாது’ என்ற தீர்ப்புக்கு இதைவிடப் பொருத்தமான உதாரணம் கிடைக்காது. 2011இல் ஆய்வாளர்கள் ஹோத்தம் பகுதியிலிருந்து சில ஆண் விலங்குகளைக் கொண்டுவந்து புல்லரில் விட்டார்கள். கலப்பில் பிறந்தவை உடலில் பெரியவையாக இருந்தன. கூடுதல் குட்டிகளை ஈன்றன. அதிக காலம் வாழ்ந்தன. சில ஆண்டுகளிலேயே எண்ணிக்கை 200ஐத் தாண்டியது. 2017இல் ‘நேச்சர் கம்யூனிகேஷன்ஸ்’ இதழில் இந்த முடிவுகள் வெளியாயின.

அதே காலத்தில் நரி, பூனைக் கட்டுப்பாடும் வாழிடச் சீரமைப்பும் நடந்தனவே, பலன் அவற்றால் வந்திருக்கலாமே என்று ஒருவர் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் அதே மலையில், அதே பாறைகளுக்கிடையே, அதே உணவைத் தின்று வாழ்ந்த கலப்பில்லாத உள்ளூர் விலங்குகளைக் கலப்பில் பிறந்தவை விஞ்சின. வாழிடச் சீரமைப்பு இரண்டுக்கும் பொதுவாக இருக்க, வேறுபாட்டுக்குக் காரணம் வேறொன்றாகத்தான் இருக்க முடியும்.

இன்னொரு தரப்பு எதிர்முனையிலிருந்து வருகிறது. புல்லர் கூட்டம் சுமார் 20,000 ஆண்டுகள் தனித்து வாழ்ந்தது, அதில் வெளியார் ரத்தத்தைக் கலந்தது அதன் தூய்மையைக் கெடுத்துவிட்டது என்கிறது. இதே ஆட்சேபம் 1995இல் புளோரிடாவிலும் எழுந்தது. டெக்சாஸிலிருந்து எட்டுப் பெண் பூமாக்களைக் கொண்டுவந்து விட்ட பிறகுதான் அங்கே அழிவின் விளிம்பில் நின்ற பூமாக் கூட்டம் நிமிர்ந்தது. தூய்மையாகச் செத்துப்போவதில் எந்த விலங்குக்கும் லாபமில்லை.

வளர்ச்சியா விலங்கா, ஏதாவது ஒன்றைத் தேர்ந்தெடு என்பது மூன்றாவது வாதம். ஹோத்தம் பகுதியிலுள்ள ஹிகின்பாதம் மலை இதற்கு நல்ல பாடம் நடத்தியிருக்கிறது. அங்கே பெண் விலங்குகள் உச்சியிலுள்ள வளமான பாறைக்குவியல்களில் வாழும். ஆண்கள் கீழ்ச்சரிவுகளில் இருந்து இனப்பெருக்கக் காலத்தில் மேலேறி வந்து, பிறகு இறங்கிப்போகும். இந்த வழியைச் சாலையும் பனிச்சறுக்குக் கட்டடங்களும் வெட்டிவிட்டன. இறங்க வழியில்லாத ஆண்கள் பெண்களின் இடத்திலேயே தங்கி உணவுக்குப் போட்டியிட, குளிர்காலத்தைத் தாண்டும் பெண்களின் எண்ணிக்கை விழுந்தது. 1980களின் நடுவில் ஆய்வாளர்கள் இயன் மான்செர்கும் டேவிட் ஸ்காட்ஸும் ஆய்ந்து சொன்னபடி, சாலைக்கடியில் இரண்டு சுரங்கவழிகளும் கற்கள் நிரப்பிய ஒரு பாதையும் அமைத்தார்கள். ஆண்கள் அவற்றைப் பயன்படுத்தின. பெண்கள் பிழைக்கும் விகிதம் பாதிப்பில்லாத பகுதியின் நிலைக்குத் திரும்பியது. உள்ளூரில் அதற்கு ‘காதல் சுரங்கம்’ என்று பெயர். பனிச்சறுக்கு விளையாட்டும் நிற்கவில்லை.

‘அழிவது இயற்கை, நாம் யார் தடுக்க’ என்ற நான்காம் வாதத்துக்கு நீண்ட பதில் தேவையில்லை. நரியையும் பூனையையும் அந்தக் கண்டத்துக்குக் கொண்டுவந்தவர்கள் கப்பலில் வந்த ஐரோப்பியர்கள். பாறைக்குவியல்களை அகற்றிச் சறுக்குப் பாதை போட்டதும் இயற்கையல்ல.

இனி, காப்பாற்ற விரும்புபவர்களே நம்பும் ஒரு தவறு. மலையை வேலி போட்டுப் பாதுகாத்தால் போதும் என்பது. குள்ளப் போசத்தின் வசந்தகால உணவு போகாங் அந்துப்பூச்சி. தெற்கு குயின்ஸ்லாந்திலும் மேற்கு நியூ சவுத் வேல்ஸிலும் பிறந்து, 1,000 கிலோமீட்டர் வரை இரவில் பறந்து, கோடையைக் கழிக்க மலைக்கு வருகிறது. குகைச்சுவரில் ஒரு சதுர மீட்டருக்கு 17,000 பூச்சி வரை அப்பிக்கிடக்கும். இந்தக் கொழுத்த பூச்சிகளைத் தின்னப் பழங்குடியினரும் மலையேறியிருக்கிறார்கள். விக்டோரியாவின் க்ளாக்ஸ் குகையில் கிடைத்த ஏறத்தாழ 2,000 ஆண்டுப் பழைய அரைகல்லில் பூச்சியின் எச்சம் ஒட்டியிருந்தது.

2017 முதல் பூச்சி வரத்து சரிந்தது. வறட்சி சமவெளியின் இனப்பெருக்க நிலத்தைச் சுட்டெரித்ததில், சில இடங்களில் வீழ்ச்சி 99.5 சதவீதத்தைத் தொட்டது. மலையில் ஒரு பாறையும் பெயராமல், ஒரு மரமும் விழாமல், தாய்களின் பையில் குட்டிகள் செத்துக் கிடந்தன. 2019-20 காட்டுத்தீக்குப் பிறகு, பூச்சியின் சத்துக்கு ஈடாகத் தயாரித்த ‘போகாங் பிஸ்கட்’டுகளைப் பாறைக்குவியல்களில் வைத்தார்கள். வசந்தகாலத்தில் பூச்சிகளின் வழியைக் குழப்பும் விளக்குகளை அணைக்கும்படி விக்டோரிய உயிரியல் பூங்காக்கள் மக்களைக் கேட்டுக்கொள்கின்றன. மழை திரும்பியபின் பூச்சிகள் ஓரளவு கூடியிருக்கின்றன, பழைய அளவுக்கு அல்ல.

கைவிடச் சொல்பவர்களின் கணக்கு தடுமாறுவது இங்கேதான். அவர்கள் 45 கிராம் விலங்குக்கு ஆகும் செலவை மட்டும் எழுதுகிறார்கள். செலவின் பெரும்பகுதி போக வேண்டிய இடமோ வறட்சியில் வாடும் சமவெளி மண். 2021 டிசம்பரில் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் போகாங் அந்துப்பூச்சியையும் அருகிவரும் இனங்களின் பட்டியலில் சேர்த்தது. குள்ளப் போசத்தைக் கைவிடலாம் என்று தீர்ப்புச் சொல்பவர்கள், அந்தப் பூச்சியை எந்தப் பத்தியில் எழுதப்போகிறார்கள் என்பதையும் சொல்லட்டும்.