சியாங் கரையில் கேட்கப்படாத இசைவு

மக்களவையில் அருணாசலப் பிரதேசத்துக்கு உள்ள இடங்கள் இரண்டு, மாநிலங்களவையில் ஒன்று. சியாங் நதிக்கரையில் வாழும் ஆதி பழங்குடியினரின் குரல் தலைநகரில் எந்த அளவுக்கு எடுபடும் என்பதை இந்த எண்ணிக்கையே உணர்த்திவிடும். ஆனால், அந்த நதியின் குறுக்கே அமைக்கத் திட்டமிடப்பட்டிருக்கும் அணையோ சாதாரணமானதல்ல. 11,000 மெகாவாட்டுக்கும் அதிகமான திறன் கொண்ட சியாங் மேல்நிலைப் பன்னோக்குத் திட்டம் நிறைவேறினால், நாட்டின் மிகப் பெரிய நீர்மின் திட்டமாக அதுவே இருக்கும்.

திபெத்தில் யார்லுங் சாங்போ என்ற பெயரில் பாயும் நதி, இந்திய எல்லைக்குள் நுழைந்ததும் சியாங் ஆகிறது. அஸ்ஸாம் சமவெளியில் திபாங், லோஹித் நதிகளுடன் கலந்து பிரம்மபுத்திராவாக விரிகிறது. ஆதி மக்கள் அதனை 'ஆனே சியாங்', அதாவது தாய் சியாங் என்கின்றனர். கரையோரத்து நெல் வயல்களும் ஆரஞ்சுத் தோட்டங்களும் மூதாதையரைப் புதைத்த இடங்களும் நீரில் மூழ்கிவிடும் என்பது அவர்களது அச்சம். அணை கட்டுவதை மட்டுமல்ல, அதற்கான முதற்கட்ட ஆய்வையே அவர்கள் எதிர்க்கின்றனர். அந்த ஆய்வுக்குப் பாதுகாப்பு அளிக்க மத்திய ஆயுதக் காவல் படையினரை அனுப்பும் முடிவு 2024 டிசம்பரில் எடுக்கப்பட்டது. 2025 மே மாதத்தில் பெகிங் சிற்றூரில் மக்கள் திரண்டு அவர்களைத் திரும்பிப் போகச் சொன்னார்கள்.

'ஆய்வுதானே, அதற்கு ஏன் இத்தனை எதிர்ப்பு?' என்று அதிகாரிகள் கேட்கின்றனர். ஆய்வுதான் என்றால் துப்பாக்கி ஏந்திய படை எதற்கு என்பது ஊர்க்காரர்களின் எதிர்க்கேள்வி. இரண்டில் எது நியாயமானது என்பதைச் சொல்லத் தேவையில்லை.

அரசுத் தரப்பின் வாதத்தை அலட்சியப்படுத்திவிட முடியாது என்பதும் உண்மை. எல்லைக்கு அப்பால் மெடோக் பகுதியில் ஏறத்தாழ 60,000 மெகாவாட் திறனுள்ள திட்டத்துக்கான பணிகளை 2025 ஜூலையில் சீனா தொடங்கியது. அதனை 'நீர் வெடிகுண்டு' என்று முதல்வர் பேமா காண்டு வர்ணித்தார். மேலிருந்து திடீரெனத் தண்ணீர் திறந்துவிடப்பட்டால் தாங்குவதற்கு இங்கே ஒரு பெரிய நீர்த்தேக்கம் வேண்டும் என்கிறார் அவர். திபெத்தின் யிகோங் நதியை அடைத்திருந்த நிலச்சரிவு அணை 2000-ஆம் ஆண்டு ஜூன் மாதம் உடைந்தபோது, சியாங் பள்ளத்தாக்கு வெள்ளத்தில் சிக்கிச் சின்னாபின்னமானதை அந்த மக்கள் மறக்கவில்லை. எனவே, அச்சம் கற்பனையல்ல.

அதற்கு மருந்து இந்த அணைதானா என்பதுதான் கேள்வி. வெள்ளத்தைத் தாங்க வேண்டுமானால் நீர்த்தேக்கத்தில் இடம் காலியாக இருக்க வேண்டும். மின்சாரம் வேண்டுமானால் அது நிரம்பியிருக்க வேண்டும். இரண்டையும் ஒரே அணையிடம் எதிர்பார்ப்பவர்கள், மழைக்காலத்தில் எதை விட்டுக்கொடுப்பார்கள் என்பதை விளக்க வேண்டாமா? மேலும், 1950 ஆகஸ்ட் 15 அன்று 8.6 ரிக்டர் அளவிலான நிலநடுக்கம் அப்பகுதியை உலுக்கியது. அப்போது ஏற்பட்ட நிலச்சரிவால் அடைபட்ட சுபன்சிரி நதி, சில நாள்கள் கழித்து உடைத்துக்கொண்டு ஊர்களை அழித்தது. இன்னொருபுறம், பிரம்மபுத்திரா வெள்ளத் தகவல்களைப் பகிர்ந்துகொள்ள சீனாவுடன் செய்துகொள்ளப்பட்டிருந்த புரிந்துணர்வு உடன்பாடு 2023 ஜூனில் காலாவதியானது. மெகாவாட் கணக்குப் பேசுவோர் இதைப் பற்றி அதிகம் பேசுவதில்லை.

சட்டம் என்ன சொல்கிறது என்று பார்த்தால், ஆதி மக்களின் நிலை மேலும் பரிதாபத்துக்குரியது. பழங்குடியினர் பகுதிகளில் கிராம சபைக்கு அதிகாரம் வழங்கும் 1996-ஆம் ஆண்டுச் சட்டம், அரசமைப்புச் சட்டத்தின் ஐந்தாவது அட்டவணைப் பகுதிகளுக்கு மட்டுமே பொருந்தும். அருணாசலம் அதில் இல்லை. தன்னாட்சி மாவட்டக் குழுக்களுக்கு வழிவகுக்கும் ஆறாவது அட்டவணையிலும் இல்லை. நாகாலாந்துக்கான 371ஏ பிரிவும் மிசோரமுக்கான 371ஜி பிரிவும், அம்மக்களின் நில உரிமையை மாற்றும் மத்தியச் சட்டம் எதுவும் சட்டப்பேரவை ஒப்புதலின்றிச் செல்லாது என்கின்றன. அருணாசலத்துக்கான 371எச் பிரிவோ சட்டம்-ஒழுங்கு குறித்து ஆளுநருக்குத் தனிப் பொறுப்பு வழங்குகிறது. நிலத்தைப் பற்றி வாய் திறக்கவில்லை. மூன்று எல்லைப்புற மாநிலங்களுக்கு மூன்று விதமான நீதி!

2013-ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தல் சட்டமும் கைகொடுக்காது. தனியார் நிறுவனத்துக்கு என்றால் 80 சதவீத நில உரிமையாளர்களின் சம்மதமும், அரசு-தனியார் கூட்டுத் திட்டம் என்றால் 70 சதவீதத்தினரின் சம்மதமும் தேவை. பொதுத் துறை நிறுவனத்துக்காக அரசு நிலம் எடுத்தால் இந்தச் சம்மத விதி பொருந்தாது. சியாங் திட்டம் பொதுத் துறை நிறுவனமான தேசிய நீர்மின் கழகத்தின் வசம் உள்ளது.

எஞ்சியிருப்பது 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் ஒன்றுதான். உரிமைகளை அங்கீகரிக்கும் நடைமுறை முடியும் வரை யாரையும் வெளியேற்றக் கூடாது என்கிறது அது. கிராம சபைகளின் ஒப்புதலின்றி வனநிலத்தை வேறு பயன்பாட்டுக்குத் தரக் கூடாது என்று 2009 ஆகஸ்டில் சுற்றுச்சூழல் அமைச்சகம் சுற்றறிக்கை அனுப்பியது. இந்தச் சட்டத்தின் பலம் ஒடிசாவின் நியமகிரியில் தெரிந்தது. வம்சதாரா நதியின் ஊற்றுக்கண்ணான அந்த மலையில் பாக்சைட் வெட்டியெடுப்பது குறித்து கிராம சபைகளே முடிவு செய்யட்டும் என்று 2013 ஏப்ரல் 18 அன்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன்படி கூட்டப்பட்ட 12 கிராம சபைகளும், ஒன்றுகூட விலகாமல், சுரங்கம் வேண்டாம் என்றன. 2014 ஜனவரியில் மத்திய அரசும் அனுமதி மறுத்தது. டோங்கிரியா கோந்த் மக்களிடம் இருந்தது பணபலமல்ல, நாடாளுமன்றம் இயற்றிய ஒரு சட்டம்.

அந்தச் சட்டத்தைத் திருத்தாமலேயே அதன் கூர்மையை மழுங்கடிக்கும் வேலை பின்னர் நடந்தது. 2022 ஜூனில் வெளியான வனப் பாதுகாப்பு விதிகளின்படி, மத்திய அரசு முதலில் இறுதி ஒப்புதல் தந்துவிடலாம். வன உரிமைகள் நிறைவேற்றப்பட்டனவா என்பதை மாநில அரசு பிறகு பார்த்துக்கொள்ளும். தில்லியில் முடிவான ஒரு திட்டத்தை, மாவட்ட ஆட்சியர் கூட்டும் கிராம சபை தடுத்து நிறுத்தும் என்று நம்புவதற்கு அசாத்தியமான அப்பாவித்தனம் வேண்டும். தேசிய பழங்குடியினர் ஆணையத்தின் அன்றைய தலைவர் ஹர்ஷ் சௌஹானே இதற்கு எதிர்ப்புத் தெரிவித்து 2022 செப்டம்பரில் சுற்றுச்சூழல் அமைச்சருக்குக் கடிதம் எழுதினார். விதிகள் நிறுத்திவைக்கப்படவில்லை.

அடுத்து வந்தது வனப் பாதுகாப்புத் திருத்த மசோதா. ஜெய்ராம் ரமேஷ் தலைமையிலான நிலைக்குழுவுக்கு அனுப்பாமல், தனியாக ஒரு கூட்டுக் குழு அமைக்கப்பட்டது. அக்குழு ஒரு வரியைக்கூட மாற்றப் பரிந்துரைக்கவில்லை. 2023 ஜூலை 26 அன்று, மணிப்பூர் விவகாரத்தில் அமளி நீடித்துக்கொண்டிருந்தபோதே மக்களவை அதனை நிறைவேற்றியது. நம்பிக்கையில்லாத் தீர்மான நோட்டீஸ் ஏற்கப்பட்டதும் அதே நாளில்தான் என்பதால், மறுநாள் காடுகளைப் பற்றிப் பேச யாருக்கும் நேரமில்லை. சர்வதேச எல்லையிலிருந்து 100 கிலோமீட்டருக்குள் அமையும் பாதுகாப்பு முக்கியத்துவம் வாய்ந்த சாலை போன்ற நீள்வழித் திட்டங்களுக்கு அந்தச் சட்டம் விலக்கு அளிக்கிறது. அணைக்கு அந்த விலக்கு இல்லை. ஆனாலும், 'தேசப் பாதுகாப்பு' என்ற சொல்லுக்கு முன்னால் மற்ற உரிமைகள் வழிவிட வேண்டும் என்ற மனப்போக்கு சட்டப் புத்தகத்திலேயே இடம்பிடித்துவிட்டது. எல்லையில் வசிப்பவர்களை எதிர்நிறுத்தி எல்லையைக் காப்பது எப்படி என்பதை அந்த மசோதாவைக் கொண்டுவந்தவர்கள் விளக்கவில்லை.

சில சிற்றூர்களில் மக்கள் ஆய்வுக்கு இசைவு தெரிவித்திருப்பதாகக் கூறப்படுகிறது. அப்படியானால் அரசு தயங்க வேண்டியதில்லை. படைகளை விலக்கிக்கொண்டு, ஆதி மக்களின் பாரம்பரிய ஊர்ச் சபையான கெபாங் கூடும் இடங்களில் மூழ்கும் பரப்பின் வரைபடத்தை வைத்துக் கேட்கலாம். வேண்டாம் என்ற பதிலுக்கும் மதிப்புண்டு என்று முன்கூட்டியே அறிவிக்கலாம். மெடோக் அணையால் எவ்வளவு ஆபத்து, அதைத் தடுக்க சியாங் அணை எவ்விதம் உதவும் என்ற மதிப்பீட்டை நாடாளுமன்றத்தின் இரு அவைகளிலும் வைக்கலாம். இவை எதற்கும் புதிய சட்டம் தேவையில்லை.

சட்டம் தேவைப்படுவது வேறொன்றுக்கு. தங்கள் மாநிலத்தை ஆறாவது அட்டவணையில் சேர்க்க வேண்டும் என்று அருணாசல சட்டப்பேரவை 2020 ஆகஸ்டில் ஒருமனதாகத் தீர்மானம் நிறைவேற்றி தில்லிக்கு அனுப்பியது. அதற்கான அரசமைப்புத் திருத்தம் இன்றுவரை நிறைவேறவில்லை.