ஆபாசம் எது?

"என்ன இருந்தாலும் கார்ட்டூனிஸ்ட் பாலா வரைஞ்சது ஆபாசம்பா" என்று இன்னமும் சொல்கிற நண்பர்களுக்காக இது. கொஞ்சம் காரமாகத்தான் இருக்கும்.

2017 அக்டோபர் 23, திங்கட்கிழமை. நெல்லை கலெக்டர் ஆபீஸில் மக்களிடம் மனு வாங்கும் நாள். கந்துவட்டிக் கொடுமை பற்றிப் பலமுறை மனு கொடுத்தும் பலனில்லாத ஒரு கூலித் தொழிலாளி, மனைவி, இரண்டு பெண் குழந்தைகளோடு அங்கேயே தீக்குளித்தார். நான்கு பேரும் இறந்து போனார்கள்.

பாலா படம் போட்டார். ஒரு குழந்தை எரிகிறது. முதல்வர், கலெக்டர், போலீஸ் கமிஷனர் மூவரும் உடம்பில் துணியில்லாமல் ரூபாய் நோட்டால் மறைத்துக்கொண்டு நிற்கிறார்கள்.

நவம்பர் 5, ஞாயிற்றுக்கிழமை. கலெக்டரின் புகாரில் நெல்லை போலீஸ் சென்னை வரைக்கும் வந்து பாலாவைக் கைது செய்தது. மறுநாள் கோர்ட் ஜாமீன் கொடுத்தது. கந்துவட்டியைத் தடுக்க 2003-லேயே இங்கே சட்டம் இருக்கு சாமி! அதற்கு வராத வேகம் ஒரு படத்துக்கு வந்தது எப்படி?

போட்ட பிரிவுகளில் ஒன்று ஐ.டி. சட்டம் 67. காமத்தைத் தூண்டும் ஆபாசத்துக்கான பிரிவு அது. எரிகிற குழந்தையைப் பார்த்து யாருக்குங்க காமம் வரும்?

"நாசூக்காக வரைந்திருக்கலாமே" என்பார்கள். அந்தத் தொழிலாளியின் மனுக்கள் எல்லாம் மரியாதையாகத்தானே போயின? என்ன நடந்தது?

இது ஒரு கட்சியின் வியாதியும் இல்லை. 1987-ல், எம்.ஜி.ஆர். ஆட்சியில், ஒரு அட்டைப்பட ஜோக்குக்காக ஆனந்த விகடன் ஆசிரியர் பாலசுப்ரமணியனுக்குச் சட்டசபை 3 மாதக் கடுங்காவல் விதித்தது. எதிர்ப்பு கிளம்பியதும் சில நாட்களில் விட்டார்கள். அவர் வழக்குப் போட்டு 1000 ரூபாய் நஷ்டஈடு வாங்கினார். 2025 பிப்ரவரியில் பிரதமர் மோடியைக் கைவிலங்கோடு வரைந்ததற்காக விகடன் இணையதளமே முடக்கப்பட்டது. அதைச் செய்தது மத்திய அரசு.

ஏன் இந்தப் பயம்? நம்ம ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் நைட் ஷிப்ட் முடித்துக் கம்பெனி பஸ்ஸில் தூங்கி வழிகிறவருக்குத் தலையங்கம் படிக்கத் தெம்பு இருக்காது. கார்ட்டூன் பத்தே செகண்டில் புரிந்துவிடும். அவ்வளவுதான் விஷயம்.

அடுத்த தடவை ஆபாசம் என்று சொல்வதற்கு முன்னால், அந்தப் படத்தில் எரிகிற குழந்தையையும் ஒரு தடவை பாருங்க.