தமிழ்வழி எதுவரை?

ஜூன் மாதம் பிறந்தால் பெற்றோரைத் திட்டுவது நம் தமிழ் மேடைகளின் வழக்கம். 'ஆங்கில மோகம்' என்ற இரண்டே சொல்லில் விஷயம் முடிந்துவிடும். அப்படிப் பேசுகிறவர்களின் பிள்ளைகள் எங்கே படிக்கிறார்கள் என்று திருப்பிக் கேட்பதும் வழக்கம்தான். அந்தக் கேள்வியும் கேட்டுக் கேட்டுப் புளித்துவிட்டது. இரண்டையும் ஒதுக்கிவைத்துவிட்டு, நம் ஊர்களில் எங்கும் காணக்கூடிய ஒரு பெண்ணைப் பார்ப்போம். நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கிறாள். கணவனுக்குக் கட்டட வேலை, அதுவும் மழைக்காலத்தில் இல்லை. மகளிர் குழுவில் கடன் எடுத்து, தோட்டை அடகுவைத்து, பிள்ளைக்கு எல்.கே.ஜி. கட்டணமும் வேன் கட்டணமும் கட்டுகிறாள். தெருமுனையில் காசு வாங்காமல் நடக்கிற அரசுப் பள்ளியைத் தாண்டித்தான் அந்த வேன் போகிறது. அவளுக்கு மோகம் என்று சொல்வது அவளை அவமதிப்பது. அவள் ஒரு கணக்குப் போட்டிருக்கிறாள். அந்தக் கணக்கு சரியா தவறா என்று வாதாடலாம், ஆனால் அப்படி ஒரு கணக்கே கிடையாது என்று பேசக் கூடாது.

இந்தக் கணக்குக்கு வயது நூற்றைம்பதுக்கு மேல். தமிழில் மருத்துவம் கற்பிக்க முடியும் என்பதற்குச் சான்றாக மேடைதோறும் சொல்லப்படுகிற பெயர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன். அமெரிக்க மிஷன் மருத்துவராக 1847இல் யாழ்ப்பாணம் வந்தவர். மானிப்பாயில் இருந்துகொண்டு இளைஞர்களுக்கு மேலை மருத்துவம் கற்பித்தார். அவரும் அவருடைய மாணவர்களும் சேர்ந்து பிரசவ மருத்துவம், இரண வைத்தியம், உடற்கூறு, வேதியியல் என்று தடித்தடியான நூல்களைத் தமிழுக்குக் கொண்டுவந்தார்கள். கிரேயின் உடற்கூற்று நூலை ஒட்டிய 'மனுஷ அங்காதிபாதம்' 1872இல் வெளிவந்தது. இவ்வளவும் பெருமைதான். ஆனால் கிரீன் ஏன் தமிழுக்கு மாறினார் என்பதை மேடைகள் சொல்வதில்லை. தொடக்கத்தில் அவர் ஆங்கிலத்தில்தான் கற்பித்தார். ஆங்கிலத்தில் படித்துத் தேறியவர்கள் அரசாங்கச் சம்பளத்தைத் தேடி வெளியூர் போய்விட்டார்கள். கிராமத்தில் தங்கி வைத்தியம் பார்க்க ஆள் இல்லை. தமிழில் படித்தவன் தமிழ்க் கிராமத்திலேயே இருப்பான் என்று எண்ணித்தான் 1860களில் அவர் பயிற்றுமொழியை மாற்றினார்.

கிரீன் தொண்டுள்ளத்தோடு எடுத்த முடிவு அது. குறை சொல்ல நமக்கு வாயில்லை. ஆனாலும் அவர் கண்டுகொண்ட உண்மை கொஞ்சம் கசப்பானது: எந்த மொழியில் படிக்கிறாயோ அதுதான் நீ எவ்வளவு தூரம் போகலாம் என்பதை முடிவுசெய்கிறது. போதிக்கிறவர் அதை 'ஊரோடு இருப்பான்' என்று பார்த்தார். படிக்க வந்தவனின் அம்மா அதை 'ஊரோடு நின்றுவிடுவான்' என்று பார்த்திருப்பாள். கொழும்பில் 1870இல் ஆங்கிலவழி மருத்துவப் பள்ளி திறந்தது. 1873இல் கிரீன் ஊர் திரும்பினார். அதற்குப் பிறகு தமிழில் மருத்துவம் கற்பிப்பது நெடுங்காலம் நிலைக்கவில்லை. நூல்கள் இருந்தன, கலைச்சொற்கள் இருந்தன, கற்பிக்கத் தெரிந்தவர்களும் இருந்தார்கள். அந்தப் படிப்பை மதித்துச் சம்பளம் கொடுக்கும் ஆட்சி மட்டும் இல்லை.

தமிழகத்துக் கதையும் இதே தடத்தில்தான் போயிருக்கிறது. நம்மிடம் முயற்சி இல்லை என்று சொன்னால் பெரியவர்களுக்குத் துரோகம் செய்தவர்கள் ஆவோம். பெரியசாமித் தூரனை முதன்மை ஆசிரியராகக் கொண்ட கலைக்களஞ்சியம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வந்தது. கோவையிலிருந்து 'கலைக்கதிர்' மாதந்தோறும் அறிவியலைத் தமிழில் எழுதிக் காட்டியது. சி. சுப்பிரமணியம் கல்வி அமைச்சராக இருந்தபோது, 1960இல், கோவை அரசு கலைக் கல்லூரியில் பி.ஏ. வகுப்பு தமிழ்வழியில் தொடங்கியது. அடுத்து வந்த ஆண்டுகளில் இயற்பியல், விலங்கியல், பொருளாதாரம், உளவியல் என்று கல்லூரிப் பாடநூல்களை அரசே நூற்றுக்கணக்கில் அச்சிட்டது. பழைய புத்தகக் கடைகளில் இன்றும் அவை தட்டுப்படுகின்றன. மங்கிய அட்டை, மலிவுத் தாள், உள்ளே திருத்தமான தமிழ். அவற்றை எழுதிய பேராசிரியர்களின் பெயர்கள்கூட நமக்கு நினைவில்லை. இலக்கியத்துக்கு ஒரு பட்டியல், அதற்கு எதிர்ப்பட்டியல் என்று அறுபது ஆண்டுகளாகச் சண்டை போடுகிற சிற்றிதழ் உலகம், இந்த மனிதர்களைப் பற்றி ஒரு கட்டுரையாவது எழுதியிருக்கலாம்.

1968 ஜனவரியில் சட்டமன்றம் இருமொழிக் கொள்கையைத் தீர்மானமாக நிறைவேற்றியது. அதே தீர்மானத்தில், ஐந்தாண்டுகளுக்குள் எல்லாக் கல்லூரிகளிலும் தமிழே பயிற்றுமொழியாக வேண்டும் என்றும் இருந்தது. தீர்மானத்தின் முதல் பாதியை நாம் ஆண்டுதோறும் கொண்டாடுகிறோம். இரண்டாம் பாதிக்கு நேர்ந்தது வேறு. 1970இன் இறுதியில் கல்லூரிகளில் தமிழைப் பயிற்றுமொழியாக்க அரசு முனைந்தபோது மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். 1965இல் இந்தியை எதிர்த்து இறங்கிய அதே தெருக்கள்தாம். தமிழில் பட்டம் வாங்கினால் மாநில எல்லைக்கு வெளியே வேலை கிடைக்குமா என்பதுதான் அவர்கள் கேட்டது. அரசு பின்வாங்கியது. விரும்புகிறவர்கள் படிக்கலாம் என்று தமிழ்வழி ஓரமாக நின்றது. அந்த மாணவர்களைத் தமிழ்த் துரோகிகள் என்று சொல்லிவிட்டுப் போவது எளிது. ஐந்தாண்டு முன்னால் துப்பாக்கிச் சூட்டைக் கண்ட தலைமுறை அது. மொழிக்காக உயிரைக் கொடுக்கவும் அணியமாக இருந்த பிள்ளைகள், மொழிக்காக வேலையைக் கொடுக்க முன்வரவில்லை. இதில் முரண்பாடு ஏதும் எங்களுக்குத் தெரியவில்லை. உயிரை ஒருமுறை கொடுத்தால் போதும், பிழைப்பை நாள்தோறும் கொடுக்க வேண்டும்.

அதன்பின் நடந்தவை நீதிமன்றக் கதைகள். 1999இல் தமிழறிஞர்கள் நூற்றிரண்டு பேர் சாகும்வரை உண்ணாநிலை என்று அமர்ந்தார்கள். ஐந்தாம் வகுப்புவரை தமிழ் அல்லது தாய்மொழியே பயிற்றுமொழி என்று அந்த ஆண்டிலேயே அரசாணை பிறந்தது. மறு ஆண்டு உயர் நீதிமன்றம் அதை நீக்கியது. கர்நாடகம் தொடர்பான வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு, எந்த மொழியில் பிள்ளை படிக்க வேண்டும் என்பதை அரசு திணிக்க முடியாது, பெற்றோர்தான் தீர்மானிக்க வேண்டும் என்று முடித்துவைத்தது. ஆக, சட்டம் போட்டுத் தொடக்கப் பள்ளியைத் தமிழாக்கும் வாசல் இப்போதைக்கு அடைபட்டுவிட்டது.

வாசல் அடைபட்டுக்கொண்டிருந்த காலத்தில் அரசு என்ன செய்தது? 2013 வாக்கில் அரசுப் பள்ளிகளிலேயே ஆங்கிலவழிப் பிரிவுகளைப் பெருக்கியது. கல்வி உரிமைச் சட்டத்தின்படி தனியார் பள்ளிகளில் 25 விழுக்காடு இடங்களுக்கு ஏழைப் பிள்ளைகளை அனுப்பி, அதற்கான கட்டணத்தையும் ஏற்றுக்கொண்டது. அந்தப் பள்ளிகள் பெரும்பாலும் ஆங்கிலவழி. தமிழ் வாழ்க என்று கட்டட உச்சியில் எழுதிவைக்கிற அரசே ஆங்கிலவழி இடங்களைக் காசு கொடுத்து வாங்குகிறது என்றால், பாத்திரம் தேய்க்கிற அம்மா போட்ட கணக்கை அரசும் ஒப்புக்கொள்கிறது என்றுதானே பொருள்?

அரசுப் பள்ளி ஆங்கிலவழிப் பிரிவுக்குள் போய் உட்கார்ந்து பார்த்தவர்களுக்கு அங்கே நடப்பது தெரியும். பல இடங்களில் இரண்டு பிரிவுக்கும் ஒரே ஆசிரியர். ஒளிச்சேர்க்கையைத் தமிழில் விளக்குவார், வேறு வழியில்லை. விளக்கியபின் ஆங்கில விடையைக் கரும்பலகையில் எழுதிப்போடுவார். பிள்ளைகள் அதை உருப்போட வேண்டும். புரிந்தது ஒரு மொழியில், எழுதுவது ஒரு மொழியில், இரண்டுக்கும் நடுவே பாலம் கிடையாது. ஒரு சொல் மறந்தால் விடை முழுவதும் போயிற்று. எட்டாம் வகுப்பு வரும்போது அந்தப் பிள்ளைக்கு ஆங்கிலமும் வந்திருக்காது, அறிவியலும் வந்திருக்காது. 'எனக்குப் படிப்பு ஏறாது' என்ற முடிவு மட்டும் வந்திருக்கும். இந்தத் தீங்கை அளக்க நம்மிடம் எந்தத் தேர்வும் இல்லை. தனியார் பள்ளியின் நிலை இதைவிடப் பெரிதாக வேறுபட்டது என்று நினைக்க வேண்டாம். அங்கே டை இருக்கும், தமிழில் பேசினால் அபராதம் இருக்கும். உருப்போடுவது ஒன்றுதான். வீட்டில் ஆங்கிலம் புழங்குகிற பிள்ளை எங்கும் தப்பித்துவிடும்.

தமிழ்வழியிலேயே பன்னிரண்டு வகுப்பையும் முடித்த பிள்ளைக்கு என்ன கிடைக்கிறது என்பதையும் பார்த்துவிடலாம். 2018 நீட் தேர்வின் தமிழ் வினாத்தாளில் 49 கேள்விகளில் மொழிபெயர்ப்புப் பிழை என்று வழக்குப் போனது. 196 மதிப்பெண் கொடுக்கச் சொல்லி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. தமிழ் வினாவில் ஐயம் வந்தால் ஆங்கில மூலமே இறுதியானது என்பது தேர்வின் விதி. தமிழில் எழுத உரிமை உண்டு, தமிழை நம்ப உரிமை இல்லை என்பதுதான் இதன் சாரம். அதைத் தாண்டி, 2020இல் வந்த 7.5 விழுக்காடு உள் ஒதுக்கீட்டில் மருத்துவக் கல்லூரிக்குள் நுழைகிற அரசுப் பள்ளிப் பிள்ளை, முதல் நாளே உடற்கூற்றை ஆங்கிலத்தில் திறக்கிறது. மானிப்பாயில் 1872இல் தமிழில் அச்சான பாடம் அது.

கடல் தாண்டி மறுபடியும் யாழ்ப்பாணத்துக்குப் போவதற்குக் காரணம் உண்டு. கல்வி அமைச்சர் கன்னங்கராவின் இலவசக் கல்வியோடு 1940களின் நடுவில் தொடங்கி, இலங்கையில் தொடக்கக் கல்வி தாய்மொழிக்கு மாறியது. 1950களில் இடைநிலை வகுப்புகளும், 1960களில் பல்கலைக்கழகக் கலைப்பாடங்களும் மாறின. மருத்துவமும் பொறியியலும் ஆங்கிலத்திலேயே நின்றன. இன்றும் அங்கே பள்ளியிறுதி உயர்தரப் பரீட்சையில் உயிரியலைத் தமிழில் எழுதிவிட்டு மருத்துவ பீடமும், இணைந்த கணிதத்தைத் தமிழில் எழுதிவிட்டுப் பொறியியல் பீடமும் போகிறவர்கள் ஏராளம். அங்கே தமிழ்வழி என்றால் ஏழைகளின் வழி என்று யாரும் நினைத்ததில்லை. டாக்டரின் மகளும் தோட்டக்காரனின் மகனும் ஒரே மொழியில் ஒரே பரீட்சைக்கு உட்கார்ந்தார்கள் என்பதுதான் காரணம். பணக்காரப் பிள்ளை உட்காராத வகுப்புக்கு நல்ல ஆசிரியரும் வரமாட்டார், நல்ல ஆய்வகமும் வராது. இதற்கு மொழி காரணம் இல்லை, சமூகம்தான்.

அதற்காக இலங்கையைச் சொர்க்கம் என்று எழுதவில்லை. சிங்களப் பிள்ளையும் தமிழ்ப் பிள்ளையும் ஒரே வளாகத்திலும் சந்திக்காமல் வளர்வதற்கு அதே ஏற்பாடு வழிசெய்தது. 1970களின் தொடக்கத்தில் பல்கலைக்கழக அனுமதிக்குத் தரப்படுத்தல் வந்தபோது, எந்த மொழியில் பரீட்சை எழுதினாய் என்பதை வைத்தே தமிழ் மாணவர்களுக்கு வெட்டுப்புள்ளியை உயர்த்தினார்கள். தாய்மொழிக் கல்வி தன்னால் நீதியைக் கொண்டுவராது. அதை வைத்து அநீதியும் செய்யலாம், செய்தார்கள்.

தமிழகத்தில் ஒரே ஒரு சட்டம் இந்தக் கணக்கைத் தொட்டது. தமிழ்வழியில் படித்தவர்களுக்கு அரசு வேலையில் 20 விழுக்காடு முன்னுரிமை தரும் 2010ஆம் ஆண்டுச் சட்டம் அது. அது வந்தபின் நடந்ததைக் கவனியுங்கள். தமிழ்வழிச் சான்றிதழுக்காகப் பள்ளி அலுவலகங்களில் வரிசை நின்றது. ஆங்கிலவழியில் படித்தவர்கள் தொலைநிலைக் கல்வியில் தமிழ்வழிப் பட்டம் ஒன்றை வாங்கிக்கொண்டு வந்தார்கள். பத்தாம் வகுப்பு முதலே தமிழ்வழியில் படித்திருக்க வேண்டும் என்று 2020இல் சட்டத்தைத் திருத்தி இறுக்க வேண்டியதாயிற்று. குறுக்குவழி தேடியதைக் கண்டிக்கிறவர்கள் கண்டிக்கட்டும். எங்களுக்கு இதில் தெரிவது நல்ல செய்தி. தமிழ்ச் சான்றிதழ் ஓரிடத்தில் செல்லுபடியானதும் அதற்குத் திருட்டுப்பிரதி வரும் அளவுக்கு மதிப்பு ஏறிவிட்டது. நூறாண்டுப் பரப்புரை செய்யாததைச் சில பக்கச் சட்டம் செய்தது. அதே 2010இல் அண்ணா பல்கலைக்கழகம் கட்டடவியலையும் இயந்திரவியலையும் தமிழ்வழியில் தொடங்கியது. வேலைக்கு ஆள் எடுக்க வருகிற நிறுவனங்கள் ஆங்கிலத்தில்தான் கேள்வி கேட்டன. மாணவர்கள் குறைந்தார்கள். 2023இல் சில உறுப்புக் கல்லூரிகளில் அந்தப் படிப்பை நிறுத்துவதாக அறிவிப்பு வந்து, எதிர்ப்பு எழுந்ததும் திரும்பப் பெறப்பட்டது. அறிவிப்பைத் திரும்பப் பெறலாம், மாணவர்களைத் திரும்பப் பெற முடியாது.

ஆகவே இந்த ஜூனில் நாங்கள் பெற்றோரிடம் எதையும் கேட்கப் போவதில்லை. அரசிடம் கேட்கிறோம். ஆங்கிலத்தை ஒரு பாடமாக, பேசவும் எழுதவும் வரும்படி, முதல் வகுப்பிலிருந்தே தேர்ந்த ஆசிரியரை வைத்துக் கற்றுக்கொடுங்கள். அதைச் செய்தால் மற்றப் பாடங்களை ஆங்கிலத்தில் உருப்போட வேண்டிய தேவை பாதி குறையும். மாநில அரசின் நிறுவனங்களில் பொறியாளர் வேலைக்கும் இந்த 20 விழுக்காட்டை ஒழுங்காக நிரப்பிக் காட்டுங்கள். கல்லூரித் தமிழ்ப் பாடநூல்களைப் பழைய அச்சிலேயே மின்னாக்கம் செய்து ஏற்றிவைத்தது நல்ல வேலை. ஆனால் 1970இன் உயிரியல் இன்றைய மாணவனுக்கு உதவாது, புதிதாக எழுதச் சொல்லிக் காசு கொடுங்கள்.

வாசகர்களிடம் கேட்பதற்கும் ஒன்று உண்டு. கல்லூரிகளில் அறிவியலும் பொருளியலும் சட்டமும் கற்பிக்கிற பலர் இந்த இதழைப் படிக்கிறீர்கள் என்று அறிவோம். உங்கள் பாடத்தில் முதலாண்டு மாணவனுக்குப் புரியும்படி ஓர் அத்தியாயத்தைத் தமிழில் எழுதி அனுப்புங்கள். அடுத்த இதழிலிருந்து அதற்குப் பக்கம் ஒதுக்குகிறோம். கவிதைகள் இப்போதைக்கு வேண்டாம். மூன்று இதழுக்குப் போதுமான அளவு கையிருப்பில் இருக்கின்றன.