எஞ்சி நிற்பதே விடையா?

புதிர் என்றதும் அதை வெறும் பொழுதுபோக்கு என்று ஒதுக்குவோர் பலர். பொதுத் தேர்வை எதிர்நோக்கியிருக்கும் பத்தாம் வகுப்பு மாணவியர் புதிர்ப் புத்தகத்தைக் கையில் எடுத்தால், "பாடம் படிக்கிற நேரத்தில் இதென்ன விளையாட்டு?" என்ற குரல் வீட்டில் எழாமல் இருப்பதில்லை. அக்குரலில் நம்மீதுள்ள அக்கறை இருக்கிறது. ஆனால் புதிர் வீண்தானா? சற்றே எண்ணிப் பார்ப்போம்.

புதிர்களை விடுவிக்கும் வழிகளுள் சிறந்தது நீக்கல் முறை. விடையை நேரே தேடாமல், விடையாக இருக்க முடியாதவற்றை ஒவ்வொன்றாக நீக்கி, எஞ்சுவதைக் கண்டுகொள்வதே அது. சிறியதோர் எடுத்துக்காட்டு: மேரி, கயல்விழி, பாத்திமா ஆகிய மூவரில் ஒருத்தி நடந்தும், ஒருத்தி பேருந்திலும், ஒருத்தி சைக்கிளிலும் பள்ளிக்கு வருகின்றனர். மேரிக்குச் சைக்கிள் ஓட்டத் தெரியாது. கயல்விழி பேருந்தில் ஏறுவதில்லை. அவளிடம் சைக்கிளும் இல்லை. யார் எப்படி வருகிறார்கள்?

மூன்று பெயர்களுக்கும் எதிரே மும்மூன்று கட்டங்கள் வரைவோம். மேரிக்குச் சைக்கிள் கட்டத்தை அடிக்கிறோம். கயல்விழிக்குப் பேருந்து, சைக்கிள் இரண்டையும் அடிக்கிறோம். ஆகவே நடந்து வருபவள் கயல்விழி. நடப்பவள் ஒருத்தியே என்பதால் மற்ற இருவருக்கும் அந்தக் கட்டம் போய்விடுகிறது. மேரிக்கு எஞ்சுவது பேருந்து, பாத்திமாவுக்குச் சைக்கிள். பாத்திமாவைப் பற்றி ஒரு குறிப்பும் தரப்படவில்லை. ஆயினும் அவள் எப்படி வருகிறாள் என்பதை ஐயமின்றி அறிந்துவிட்டோம்!

இதே முறையில் விடுவிக்கப்படும் புகழ்பெற்ற புதிர் ஒன்று, 1962-ஆம் ஆண்டு டிசம்பர் 17-ஆம் நாள் 'லைஃப் இன்டர்நேஷனல்' இதழில் வெளிவந்தது. ஐந்து வீடுகள், ஐந்து நாட்டவர். வீட்டின் நிறம், குடிக்கும் பானம், புகைக்கும் சிகரெட், வளர்க்கும் பிராணி ஆகிய அனைத்தும் வீட்டுக்கு வீடு வேறு. தண்ணீர் குடிப்பவர் யார், வரிக்குதிரையை வளர்ப்பவர் யார் என்பதே கேள்வி. இவற்றை 2,488 கோடிக்கும் மேற்பட்ட விதங்களில் வரிசைப்படுத்தலாம். ஒவ்வொன்றாகச் சோதிக்க ஓர் ஆயுள் போதாது. ஆனால் பொறுமையும் ஒரு பென்சிலும் இருந்தால் ஒரு மாலைப் பொழுதில் விடை கிடைத்துவிடும். குறிப்புகளில் தண்ணீரும் இல்லை, வரிக்குதிரையும் இல்லை என்பதுதான் இதன் சிறப்பு.

இப்புதிர்கள் நமக்கு ஓர் ஒழுக்கத்தைக் கற்றுத் தருகின்றன. காரணமின்றி ஒரு கட்டத்தையும் அடிக்கலாகாது. "இப்படித்தான் இருக்கும்" என்று ஊகித்து ஒன்றை அடித்துவிட்டால், அதன்மேல் கட்டிய அனைத்தும் சரிந்துவிடும்.

ஆனால் வாழ்க்கைக்கும் புதிருக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. புதிரில் பட்டியல் முழுமையாகக் கொடுக்கப்படுகிறது. வாழ்க்கையில் பட்டியலையும் நாமே எழுதவேண்டும். அது குறைபட்டிருந்தால், எஞ்சி நிற்பது விடையாகாது. இதற்கு மருத்துவ வரலாற்றில் ஒரு சான்று உண்டு.

வியன்னா பொது மருத்துவமனையில் இரண்டு பிரசவப் பிரிவுகள் இருந்தன. முதற்பிரிவில் மருத்துவ மாணவர்களும், இரண்டாம் பிரிவில் மருத்துவச்சிகளும் பயிற்சி பெற்றனர். 1846-ஆம் ஆண்டில் முதற்பிரிவில் 100 தாய்மாரில் ஏறக்குறைய 11 பேர் இறந்தனர். இரண்டாம் பிரிவில் 3 பேருக்கும் குறைவு. இறந்தவர்களில் பெரும்பாலோரைக் கொன்றது பிரசவக் காய்ச்சல். அங்கே பணியாற்றிய இக்னாஸ் செம்மல்வைஸ் என்னும் மருத்துவர் காரணங்களை ஒவ்வொன்றாக ஆராய்ந்தார். தட்பவெப்பமா? இரு பிரிவுக்கும் அது ஒன்றே. இடநெருக்கடியா? இரண்டாம் பிரிவில்தான் நெருக்கடி அதிகம். தாய்மார் படுக்கும் முறையா? மாற்றிப் பார்த்தார், பயனில்லை. சாகும் தறுவாயில் இருந்தவர்களுக்காக மணியொலியுடன் வரும் குருவைக் கண்டு மற்றவர்கள் அஞ்சுகிறார்களா? குரு மணியின்றி வேறு வழியே வந்தார், மரணம் குறையவில்லை.

பட்டியல் தீர்ந்தது, விடை கிடைக்கவில்லை. 1847-இல், பிணப் பரிசோதனையின்போது கத்தி கீறிய அவருடைய நண்பர் கொலெட்ஷ்கா, அதே நோயின் அறிகுறிகளுடன் இறந்தார். அதன் பிறகே பட்டியலில் இல்லாத ஒரு காரணம் செம்மல்வைஸுக்குத் தோன்றியது. பிணப் பரிசோதனை செய்துவிட்டு நேரே பிரசவ அறைக்கு வந்த மருத்துவர்களின் கைகளே அது! தம் கையும் அதில் அடக்கம் என்று அவர் உணர்ந்தார். குளோரின் கலந்த சுண்ணாம்பு நீரில் அனைவரும் கைகழுவ வேண்டும் என்று அவ்வாண்டு மே மாதம் விதித்தார். ஏப்ரலில் 100-க்கு 18 ஆக இருந்த மரணம், ஜூலையில் 2-க்கும் கீழே இறங்கியது.

தோழியரே, இதை நம் வகுப்பறைக்குப் பொருத்திப் பார்ப்போம். ஒரு மாணவியின் பணம் காணாமற்போகிறது என்று வைத்துக்கொள்வோம். உடனே நீக்கல் முறை தொடங்கிவிடுகிறது. "இவள் என் தோழி, எடுக்கமாட்டாள், அவள் வசதியான வீட்டுப் பெண், அவளுக்கு எதற்கு?" என்று ஒவ்வொரு பெயராக அடிக்கிறோம். கடைசியில் எஞ்சுபவள் யார்? தோழியர் அதிகமில்லாதவள், பழைய சீருடை அணிந்தவள். நட்பும் வசதியும் பெயரை நீக்கப் போதிய காரணங்கள் ஆகுமா? அந்தப் பட்டியலாவது முழுமையானதா? பணம் வீட்டிலேயே இருந்திருக்கலாம். பையின் கிழிசல் வழியே விழுந்திருக்கலாம். "யார் எடுத்தது?" என்று தொடங்கும்போதே "யாரும் எடுக்கவில்லை" என்ற கட்டத்தை நாம் வரையாமல் விட்டுவிடுகிறோம்.

புதிரில் தவறாக அடித்த கட்டத்தை ரப்பரால் அழித்துவிடலாம். ஒரு பெண்ணின்மேல் விழுந்த பழியை எந்த ரப்பரால் அழிப்பது? "கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்" என்று நம் முன்னோர் சும்மாவா சொன்னார்கள்?

ஆகவே, பெற்றோர்களே, நாங்கள் புதிர் போடுவதைத் தடுக்காதீர்கள்; நேரம் கிடைத்தால் எங்களோடு அமர்ந்து நீங்களும் போடுங்கள். தோழியரே, ஒன்றை நீக்குமுன் காரணம் கேட்போம். எஞ்சியதை ஏற்குமுன், எழுத மறந்தது ஏதேனும் உண்டா என்று இன்னொரு முறை பார்ப்போம். கணக்கிலும் இது நம்மைக் காக்கும். நம்மோடு பழகுகிறவர்களையும் நம்மிடமிருந்து காக்கும்.