இழந்த ரொட்டி

மீந்துபோன ரொட்டித் துண்டை முட்டையும் பாலும் கலந்த கலவையில் தோய்த்து, தோசைக்கல்லில் வாட்டி உண்பதைப் பற்றி இவ்விதழில் ஒரு பங்குக் குரு எழுதத்தான் வேண்டுமா என்று கேட்பவர்கள் இருப்பார்கள். கேட்கட்டும். மறையுரை மேடைக்குத் தக்க பொருள், தகாத பொருள் என்று நம் மக்கள் இரண்டு பட்டியல்கள் வைத்திருக்கிறார்கள். அடுப்பங்கரை எப்போதும் இரண்டாவது பட்டியலில்தான் கிடக்கிறது. அதை அங்கே போட்டவர்கள் யார் என்பதுதான் நமது கேள்வி.

முதலில் பெயரைப் பார்ப்போம். ஆங்கிலம் படித்தவர்கள் இதைப் பிரெஞ்சு டோஸ்ட் என்பார்கள். நம் பக்கத்துத் தேநீர்க் கடைகளிலும் வீடுகளிலும் பாம்பே டோஸ்ட் என்றால்தான் தெரியும். பிரெஞ்சுக்காரர்களோ தங்கள் நாட்டின் பெயரை இதற்குச் சூட்டவில்லை. அவர்கள் சொல்வது ‘பென் பெர்தூ’. அதாவது, இழந்த ரொட்டி. காய்ந்து விறைத்து, இனி யாருக்கும் ஆகாது என்று கைவிடப்பட்ட ரொட்டியை மீட்டெடுப்பதால் வந்த பெயர் அது. செர்மானியர் இதனை ‘ஏழை வீரர்கள்’ என்று அழைக்கிறார்கள். ஸ்பெயின் நாட்டில் தவக்காலத்திலும் புனித வாரத்திலும் வீட்டுக்கு வீடு செய்யும் ‘தொர்ரிஹா’ இதுவே. போர்த்துக்கல்லில் கிறிஸ்து பிறப்பு விழாவுக்குச் செய்யும் ‘ரபனாதா’வும் இதுவே. அப்பீசியுசு என்ற பெயரால் வழங்கும் பழைய உரோமைச் சமையல் நூலிலேயே, ரொட்டியைப் பாலில் நனைத்துப் பொரித்துத் தேன் ஊற்றும் முறை காணப்படுகிறது. 1660இல் இங்கிலாந்தில் இராபர்ட் மே அச்சிட்ட சமையல் நூலில் ‘பிரெஞ்சு டோஸ்ட்’ என்ற பெயரே இருக்கிறது. ஆனால் அவர் சொல்லும் பண்டத்தில் முட்டை இல்லை, திராட்சை இரசம் இருக்கிறது! பெயர் ஊர் ஊராய் அலைந்திருக்கிறது. பண்டம் ஏழையின் அடுப்பை விட்டு நெடுந்தூரம் போகவில்லை.

இதை இங்கே சொல்லக் காரணம் உண்டு. அன்பியக் கூட்டம் ஒன்றில், “அதெல்லாம் பணக்கார வீட்டுத் தீனிங்க சாமி, நமக்கெதுக்குங்க?” என்று ஒரு பெரியவர் கேட்டார். ஆர்.எஸ். புரத்திலும் ரேஸ் கோர்ஸ் சாலையிலும் உள்ள புதுப்பாணி உணவகங்களில் இதன் தலைமேல் பாலேடும் பழமும் பாகும் குவித்து, பீங்கான் தட்டில் வைத்து, விலைப்பட்டியலில் ஆங்கிலத்தில் அச்சிட்டிருப்பதைக் கண்டவர் அவர். அவர்மீது குறையில்லை. ஏழையிடமிருந்து ஒன்றை எடுத்து, அலங்கரித்து, அவனுக்கே எட்டாத விலைக்கு விற்பது வணிகத்தின் பழைய வேலை. கம்பங்கூழுக்கும் களிக்கும் இன்று நேர்ந்திருப்பதும் அதுதானே?

அந்நியப் பண்டம் என்ற குற்றச்சாட்டும் நிற்காது. நம் மறைமாவட்டத்தின் வரலாற்றில் பிரெஞ்சுக் குருக்களின் பங்கு சிறியதன்று. பாரிசு அந்நிய வேதபோதக சபையைச் சேர்ந்த மெல்கியோர் தெ மரியோன் பிரெசியாக் ஆண்டகை 1846இல் கருமத்தம்பட்டியில் ஆயராகத் திருநிலைப்படுத்தப்பட்டவர். இந்த மண்ணின் மக்களிலிருந்தே குருக்கள் எழ வேண்டும் என்று வாதாடி, 1855இல் பொறுப்பிலிருந்து விலகிச் சென்றவர். அந்நியர் கொண்டுவந்தது என்பதற்காக எதையும் தள்ளவும் வேண்டாம், தூக்கிப் பிடிக்கவும் வேண்டாம். நம் கைக்கு வந்தபின் அது நம்முடையதாகிறதா என்பதே பார்க்க வேண்டியது. அப்படிப் பார்த்தால், முட்டைக்கு நாம் நாமக்கல்லைத் தாண்ட வேண்டியதில்லை. வெண்ணெய்க்கு ஊத்துக்குளி இருக்கிறது. இனிப்புக்குக் கவுந்தப்பாடி நாட்டுச் சர்க்கரை இருக்கிறது. பழனிப் பஞ்சாமிர்தத்துக்கே போவது அது. பாலுக்குக் கொங்கு நாட்டில் பஞ்சமா? வெளியிலிருந்து வருவது ரொட்டிக்கான கோதுமை ஒன்றுதான்.

அந்த ரொட்டி நம் வீடுகளுக்கு எப்படி வருகிறது என்பதும் எண்ணிப் பார்க்கத் தக்கது. கொங்கு நாட்டில் ரொட்டி இன்றும் பாதி மருந்து. காய்ச்சல் கண்டவனுக்கு ரொட்டியும் பாலும். ஒருவர் நோயுற்றுப் படுத்தால் பார்க்க வருகிற ஒவ்வொரு உறவினரும் ஒரு ரொட்டிப் பொட்டலம், கொஞ்சம் ஆரஞ்சு, ஒரு ஹார்லிக்ஸ் புட்டி என்று கொண்டுவருகிறார்கள். ஆரஞ்சைப் பிள்ளைகள் தின்றுவிடுவார்கள். ஹார்லிக்ஸ் அலமாரியில் ஏறும். ரொட்டி மட்டும் நான்கைந்து பொட்டலம் சேர்ந்து, நோயாளி எழுந்து சோறுண்ணத் தொடங்கியதும் அநாதையாகிவிடும். மூன்றாம் நாள் அது குப்பைத் தொட்டியில். அன்போடு கொண்டுவந்த பொருள்தானே அதுவும்?

ஐயாயிரம் பேர் வயிறார உண்டபின் ஆண்டவர் சீடர்களிடம் சொன்னதை நாம் அறிவோம். எதுவும் வீணாகாதபடி எஞ்சிய துண்டுகளைச் சேர்த்து வைக்கச் சொன்னார். பன்னிரண்டு கூடைகள் நிறைந்தன. யோவான் நற்செய்தியின் கிரேக்க மூலத்தில் அவ்விடத்தில் வரும் வினைச்சொல், லூக்கா 15ஆம் அதிகாரத்தில் தவறிப்போன ஆட்டுக்கும் காணாமற்போன நாணயத்துக்கும் வீட்டைவிட்டுப் போன இளைய மகனுக்கும் வருகிற அதே சொல். ஆட்டைத் தேடியவரும் துண்டைப் பொறுக்கச் சொன்னவரும் ஒருவரே. இந்த அதிகாரங்களை ஆண்டுதோறும் வாசகமாகக் கேட்டுவிட்டு, ரொட்டியைத் தொட்டியில் போட்டுவிட்டு வருவது நமக்கு ஏன் உறுத்தவில்லை?

ஆனால் நம்மை உண்மையில் எழுதத் தூண்டியது ரொட்டி வீணாவதன்று. வீணாவது வேறொன்று.

திருப்பூர்ப் பக்கத்துப் பங்குகளில் இரவு ஒன்பது மணிக்கு வீடு சந்திக்கச் சென்றவர்களுக்கு இது தெரியும். பனியன் கம்பெனியில் ‘ஒன்றரை ஷிஃப்ட்’ என்று ஒன்று உண்டு. காலை எட்டரைக்குப் புகுந்த பெண் இரவு எட்டரைக்கு வெளியே வருகிறாள். பேருந்து பிடித்து வீடு சேரும்போது கணவன் தொலைக்காட்சியின் முன் இருப்பான். கல்லூரியில் படிக்கும் மகன் கைபேசியில் இருப்பான். மாலையில் இருவரும் பேக்கரியில் பப்ஸும் தேநீரும் முடித்திருப்பார்கள். இரவுக்கு? “அம்மா வரட்டும்.” அந்த இரண்டு சொற்களில் எத்தனை பெண்களின் முதுகெலும்பு தேய்கிறது! காலணியைக் கழற்றியதும் அவள் அடுப்பைப் பற்றவைக்கிறாள். 2019இல் மைய அரசின் புள்ளியியல் அலுவலகம் எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கு இதை எண்களில் காட்டியது. 6 வயதுக்கு மேற்பட்ட பெண்களில் 100க்கு 81 பேர் ஊதியமற்ற வீட்டு வேலை செய்கிறார்கள், நாளொன்றுக்கு 299 நிமிடங்கள். ஆண்களில் 100க்கு 26 பேர்தான். அவர்களும் 97 நிமிடங்கள். நம் கத்தோலிக்கக் குடும்பங்கள் இந்தக் கணக்குக்கு விலக்கு என்று நெஞ்சில் கைவைத்துச் சொல்லக் கூடியவர் சொல்லட்டும்.

இதைச் சொன்னால் வரும் மறுப்புகளையும் நாம் அறிவோம். “ஆம்பளைப் பையன் அடுப்படிக்குப் போனா நல்லாவாங்க இருக்குது?” என்று கேட்பவர்களில் பாதிப் பேர் தாய்மார்களே என்பது துயரம். உயிர்த்த ஆண்டவர் திபேரியாக் கடற்கரையில் என்ன செய்தார்? இரவெல்லாம் வலை வீசியும் ஒன்றும் அகப்படாமல் களைத்திருந்த சீடர்கள் கரையேறியபோது, கரி நெருப்பு மூட்டியிருந்தது. அதன்மேல் மீனும், உடன் ரொட்டியும் இருந்தன. வந்து உண்ணுங்கள் என்று அழைத்தார். சாவை வென்றவர் காலைச் சிற்றுண்டி ஆக்கிக் காத்திருந்தார். அந்தக் கரங்களுக்குக் குறையாத மாண்பு நம் வீட்டுப் பையனின் கைகளுக்குக் குறைந்துவிடுமா? இன்னொரு கூட்டத்தார் மார்த்தா, மரியா கதையைத் தூக்கி வருவார்கள். அதை வைத்துச் சமையலை இழிவு செய்வதும், அதே மூச்சில் தம் மனைவியை மார்த்தாவாகவே நிறுத்தி வைத்துத் தாம் மட்டும் மரியாவாக அமர்ந்துகொள்வதும் எந்த இறையியல் என்று நமக்கு விளங்கவில்லை. வின்சென்ட் தே பவுல் சபையில் ஏழைகளுக்கு அரிசி அளந்து கொடுக்கும் நல்ல கை, தன் வீட்டில் ஒரு தட்டைக் கழுவாமல் இருக்கிறது. அறப்பணி வாசற்படிக்கு வெளியேதான் தொடங்க வேண்டும் என்று யார் கற்பித்தார்கள்?

எனவே நமது கோரிக்கை இது. திருமண முன்தயாரிப்புப் பயிற்சியில் மணமகன்களுக்கு ஒரு மணி நேரம் அடுப்பங்கரையில் ஒதுக்குங்கள். பீடச் சிறுவர் முகாம்களில் பாட்டுக்கும் விளையாட்டுக்கும் நடுவே ஒரு தோசைக்கல்லை வையுங்கள். குழம்பும் கூட்டும் பிறகு வரட்டும். இழந்த ரொட்டி என்றால் பன்னிரண்டு வயதுப் பையனும் ஒரே நாளில் கற்றுக்கொள்வான்; அம்மா வருகிற நேரத்துக்கு நான்கு துண்டு வாட்டி வைப்பான்.

தவக்காலம் நெருங்கினால், “சாமி, முட்டை சாப்பிடலாமா?” என்ற கேள்வி வரும். இடைக்காலத் திருச்சபையில் தவக்காலம் முழுவதும் முட்டையும் பாலும் விலக்கப்பட்டிருந்தன என்பது மெய். ஆனால் 1966இல் திருத்தந்தை ஆறாம் பவுல் வெளியிட்ட ‘பெனித்தேமினி’ என்னும் ஆணையின்படி, சுத்தபோசன நாளில் விலக்க வேண்டியது இறைச்சி. முட்டையும் பாற்பொருளும் அன்று. தாமாக முன்வந்து முட்டையை ஒறுப்பவர்களை நாம் தடுக்கவில்லை. முட்டையை விலக்கிவிட்டு வெள்ளிக்கிழமை மாலை உணவகத்தில் நெய் ரோஸ்ட்டும் குலோப்ஜாமுனும் உண்கிறவர்களிடம்தான் நமக்குப் பேச்சு இருக்கிறது.

செய்முறையையும் சொல்லிவிடுவோம், சொல்லாமல் விட்டால் ஆண்கள் அதையே சாக்காகக் கொள்வார்கள். ரொட்டி ஒருநாள், இரண்டுநாள் பழையதாக இருக்கட்டும். புது ரொட்டி பாலில் இட்டதும் கரைந்து கையில் பிய்ந்துவிடும். ரொட்டி விறைப்பது ஈரம் வற்றுவதால் மட்டும் நேர்வதன்று. மாப்பொருள் மீண்டும் இறுகுவதே முதற்காரணம். சூடு பட்டால் அது நெகிழ்ந்துகொடுக்கும். குளிர்பெட்டியில் வைத்த ரொட்டி இன்னும் விரைவாக விறைப்பதும் இதனால்தான். ஆனால் பூஞ்சணம் பூத்த ரொட்டியை மீட்க முயல வேண்டாம். பூத்த இடத்தைக் கிள்ளி எறிந்தால் போதாது, அதன் இழைகள் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே ஓடியிருக்கும். சிக்கனத்தின் பேரால் பிள்ளைகளின் வயிற்றைக் கெடுப்பது அறமன்று.

நான்கு துண்டுக்கு இரண்டு முட்டை, அரை டம்ளர் பால். பால் காய்ச்சி ஆறியதாக இருக்க வேண்டும். சூடான பாலில் முட்டை திரிந்துவிடும். இரண்டு கரண்டி நாட்டுச் சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு, ஒரு ஏலக்காய். உப்பை மறந்தால் இனிப்பு எடுபடாது. நன்றாக அடித்துக் கலக்கி, அகன்ற தட்டில் ஊற்றி, துண்டை இருபுறமும் பத்துப் பதினைந்து நொடி தோய்த்து எடுக்கவும். பையன்கள் வழக்கமாகத் தவறுவது இனிமேல்தான்: அடுப்பைப் பெரிதாக வைத்துவிடுவார்கள். சர்க்கரை கருகும், உள்ளே முட்டை பச்சையாக இருக்கும். மிதமான தணலில் ஒரு பக்கத்துக்கு இரண்டு மூன்று நிமிடம், பொறுமையாக. இனிப்பு ஆகாதவர்கள் சர்க்கரைக்குப் பதில் பொடியாக நறுக்கிய வெங்காயமும் பச்சை மிளகாயும் சேர்த்துக்கொள்ளலாம். நீரிழிவுக்காரர் நிறைந்த நம் வீடுகளில் அதுவே மிகுதியாகச் செலவாகும். கல்லில் தடவ வெண்ணெய் இல்லையென்றால் கடலை எண்ணெய் போதும். நல்லெண்ணெய் வேண்டாம், அதன் வாசம் பாலோடு ஒட்டாது.