ஒரே சட்டித் தயிர்

தம்மைத் தாமே புகழ்வோரைக் கண்டால், ஒருமுறையேனும் அவர்களைத் தலைகுனியச் செய்ய வேண்டும் என்னும் ஆசை நம்மிற் பலருக்கு எழுவதுண்டு. அவ்வாசை எதுவரை செல்லலாம்?

செங்கலடியில் என் நண்பர் ஒருவர் உளர். தயிரை நாவில் வைத்த மாத்திரத்தே, அது எழுவான்கரையதா, படுவான்கரையதா என்று கூறிவிடுவார் என்பது அவர் ஓயாது பேசும் பெருமை. ஒருநாள் விருந்தொன்றில் மற்றொரு நண்பர் இரு கிண்ணங்களில் தயிரை அவர்முன் வைத்தார். இவர் சுவைத்தார், கண்மூடிச் சிந்தித்தார், "இது வாவிக்கு இக்கரை, அது அக்கரை" என்று தீர்ப்பளித்தார். இரண்டும் ஒரே சட்டித் தயிர்! விருந்தளித்தவர் அக்கணமே உண்மையைக் கூறினார். நாணித் தலைகவிழ்ந்தவர், பின்னர் எல்லோரினும் உரக்கச் சிரித்தார்.

அச்சிரிப்பைக் கேட்டபோது, ஜேர்மனியில் நிகழ்ந்த பழைய செய்தியொன்று என் நினைவுக்கு வந்தது. அங்கே விளையாட்டு சிரிப்பில் முடியவில்லை.

வூர்ட்ஸ்பர்க் சர்வகலாசாலையில் பெரிங்கர் என்னும் வைத்தியப் பேராசிரியர் இருந்தார். கல்லில் பதிந்த தொல்லுயிர் உருவங்களைச் சேர்ப்பதில் பேரார்வம் கொண்டவர், செருக்கும் மிக்கவர். அச்செருக்கைப் பொறாத இருவர், கணிதம் கற்பித்த ரோடரிக்கும் நூலகர் எக்கார்ட்டும், 1725ஆம் ஆண்டில் ஒரு சூழ்ச்சி செய்தனர். தவளை, சிலந்தி, சூரியன், எபிரேய எழுத்து முதலியன செதுக்கப்பட்ட கற்களை, குன்றில் அகழ்ந்தெடுத்தவைபோல் அவர் கைக்குச் சேர்ப்பித்தனர். பெரிங்கர் பூரித்துப்போய் நூலெழுதத் தொடங்கினார். விளையாட்டு எல்லை மீறுவதைக் கண்ட அவர்கள், கற்கள் போலியானவை என்ற பேச்சைத் தாமே பரப்பினர். பெரிங்கரோ அதனைப் பொறாமையென்று ஒதுக்கினார். 1726ஆம் ஆண்டில் நூல் வெளிவந்தது. அவ்வாண்டிலேயே விசாரணையும் நடந்தது. பெரிங்கர் நகைப்புக்கு ஆளானார். ரோடரிக் ஊரைவிட்டு நீங்கினார். 'பொய்க் கற்கள்' என்னும் பெயருடன் அக்கற்களிற் சில இன்றும் நூதனசாலைகளில் உள்ளன.

மாணவ நண்பர்களே, எச்சரிக்கும் குரலையும் பொறாமையின் குரலாகக் கேட்கச் செய்வதே செருக்கு விளைக்கும் பெருங்கேடு. அதனைத் திருத்தப் புகுவோர்க்கும் ஒரு கடமையுண்டு. உண்மையை உரைக்கும் வேளை கடந்துவிட்டால், குறும்பு வஞ்சகமாகிவிடும்; பிறகு உண்மையே சொன்னாலும் நம்புவாரில்லை.

என் நண்பர் இன்றும் தயிரை விரும்பி உண்கிறார். ஆனால், கிண்ணம் வந்ததும் "சட்டி ஒன்றா, இரண்டா?" என்று முதலில் கேட்டுக்கொள்கிறார்.